கரையில் நின்று படிப்பது: பழைய கற்பனைக் கடற்பயணக் கதைகளை வாசிக்க ஒரு வழிகாட்டி

கலிவர் இரண்டாம் முறை கடலேறுவது சூரத்துக்குப் போகும் கப்பலில். 1702 ஜூன் 20 என்று நாளும் குறிக்கப்பட்டிருக்கிறது. மூன்றாம் பயணத்தில் அவர் சென்னைக்கே வந்துவிடுகிறார்: 1707 ஏப்ரல் 11 அன்று செயின்ட் ஜார்ஜ் கோட்டையை அடைந்து, மாலுமிகளில் பலர் நோயுற்றிருந்ததால் மூன்று வாரம் தங்கி, பிறகு டோங்கினுக்கு (இன்றைய வட வியட்நாம்) புறப்படுகிறார். ஜோனதன் ஸ்விஃப்ட் 1726இல் வெளியிட்ட ‘கலிவரின் பயணங்கள்’ என்ற அந்தக் கற்பனை நூலில் சென்னைக்குக் கிடைத்த இடம் இவ்வளவுதான். ஆறு அங்குல மனிதர்கள் வாழும் லில்லிபுட்டில் எழுத்து எந்தத் திசையில் ஓடுகிறது, இறந்தவரை எப்படிப் புதைக்கிறார்கள் என்பதெல்லாம் விரிவாகச் சொல்லப்பட்டிருக்க, உண்மையாகவே இருந்த ஓர் ஊரில் மூன்று வாரம் தங்கியவர் ஒரு தமிழ் முகத்தைக்கூடக் குறிப்பிடவில்லை.

மும்பை மாட்டுங்காவில் ஞாயிறு மாலைகளில் கூடும் எங்கள் சிறிய வாசகர் வட்டம் இந்த வரியில் வந்து நின்றபோதுதான், சிறுவயதிலிருந்தே தெரியும் என்று நாங்கள் எண்ணியிருந்த இந்தக் கதைகளை முதலிலிருந்து மீண்டும் படிக்க வேண்டும் என்று முடிவு செய்தோம். கப்பலின் மேல்தளத்தில் நின்று படித்துப் பழகிய கதைகளைக் கரையில் நின்று படிப்பது எப்படி என்பதை அந்த மாதங்களில் கற்றுக்கொண்டோம். அதே முயற்சியை வேறு ஊரில், வேறு வட்டத்தில் செய்ய விரும்புவோருக்காக இதை எழுதுகிறேன்.

முழு நூலைக் கையில் எடுங்கள்

முதல் வேலை, உங்களிடம் இருக்கும் பதிப்பு முழுமையானதா என்று பார்ப்பது. சிறுவர்களுக்காகச் சுருக்கப்பட்ட பதிப்புகளில் கலிவர் பெரும்பாலும் லில்லிபுட்டோடும், பெரிய மனிதர்கள் வாழும் பிராப்டிங்நாக்கோடும் நின்றுவிடுவார். நமக்கு மிகவும் தேவைப்படும் மூன்றாம் பகுதியும் நான்காம் பகுதியின் கடைசி அத்தியாயமும் அவற்றில் இருக்காது. டேனியல் டிஃபோ 1719இல் எழுதிய ராபின்சன் குரூசோவின் கதைக்கும் இதே நிலைதான். தீவு, குடிசை, கிளி, மணலில் ஒரு காலடித் தடம் என்று நம் நினைவில் இருப்பது சுருக்கப் பதிப்பின் குரூசோ. அந்தத் தீவுக்கு அவர் ஏன் வந்து சேர்ந்தார் என்ற பக்கங்களைத்தான் சுருக்கியவர்கள் முதலில் வெட்டியிருக்கிறார்கள். இரண்டு நூல்களின் முழு வடிவமும் குட்டன்பர்க் திட்டத்தின் இணையத்தளத்தில் விலையின்றிக் கிடைக்கின்றன. தாமஸ் மோரின் யூட்டோப்பியாவும் பிரான்சிஸ் பேக்கனின் புதிய அட்லாண்டிஸும் ஆங்கிலத்தில் அங்கேயே உண்டு. மணிமேகலையை மதுரைத் திட்டத்தின் தளத்திலிருந்து இறக்கிக்கொள்ளலாம். அது எதற்கு என்பதைப் பின்னால் சொல்கிறேன்.

ஒரே நேரத்தில் பல நூல்களை அள்ளிக்கொள்ள வேண்டாம். மூன்று நூல்கள் போதும். அவற்றையும் முழுவதுமாக முடிக்க எங்களுக்கு நான்கு மாதங்களுக்கு மேல் ஆயிற்று.

ஆண்டுகளையும் இடங்களையும் குறித்துக்கொள்ளுங்கள்

ஒரு நோட்டுப் புத்தகத்தின் இடப்பக்கத்தில் கதைகள் வெளிவந்த ஆண்டுகளையும், வலப்பக்கத்தில் உண்மையான கப்பல்கள் செய்தவற்றையும் எழுதிக்கொண்டே வாருங்கள். வாஸ்கோ ட காமா கோழிக்கோட்டுக்கு வந்தது 1498. கோவா போர்ச்சுக்கீசியர் கைக்குப் போனது 1510. மோரின் யூட்டோப்பியா லத்தீனில் அச்சானது 1516. இந்த வரிசையைப் பார்த்த பிறகு அந்த நூலைத் திறந்தால், யூட்டோப்பியாவைக் கண்டுவந்ததாகச் சொல்லும் ரஃபேல் ஹித்லோடே ஒரு போர்ச்சுக்கீசியர் என்பதும், அமெரிகோ வெஸ்புச்சியோடு கடலோடியவர் என்பதும், இலங்கை வழியாகக் கோழிக்கோட்டுக்கு வந்து அங்கே நின்ற போர்ச்சுக்கீசியக் கப்பலில் ஊர் திரும்பினார் என்பதும் வெறும் அலங்காரமாகத் தோன்றாது. ‘எங்கும் இல்லாத இடம்’ என்று பொருள்படும் பெயருடைய அந்த நாட்டிலிருந்து ஊர் திரும்பும் வழி மலபார்க் கரை வழியாகத்தான் போகிறது.

மும்பையில் இருப்பவர்களுக்கு இந்த நோட்டில் இன்னொரு வரி கட்டாயம் வேண்டும். இந்த நகரம் தனித்தனித் தீவுகளாக, கோலி மீனவர்களின் ஊர்களாக இருந்த காலத்தில், 1534இல் குஜராத் சுல்தான் பகதூர் ஷா இவற்றைப் போர்ச்சுக்கீசியருக்குக் கொடுத்தார். 1661இல் போர்ச்சுகல் அரசகுமாரி கேத்தரினுக்கும் இங்கிலாந்து மன்னர் இரண்டாம் சார்லஸுக்கும் ஏற்பட்ட திருமண ஒப்பந்தத்தில் பம்பாய் சீதனமாக எழுதப்பட்டது. 1668 மார்ச்சில் சார்லஸ் அதை ஆண்டுக்கு 10 பவுண்டு வாடகைக்குக் கிழக்கிந்தியக் கம்பெனியிடம் ஒப்படைத்தார். அதே 1668இல்தான் லண்டனில் ஹென்றி நெவில் ‘பைன்ஸ் தீவு’ என்ற சிறு கதையை வெளியிட்டார்: இந்தியாவுக்குக் கிளம்பிய ஒரு கப்பல் உடைந்து, ஓர் ஆங்கிலேயரும் நான்கு பெண்களும் ஆளற்ற தீவில் ஒதுங்கி, ஆயிரக்கணக்கான சந்ததியரைப் பெருக்கிய கதை. அந்த நால்வரில் ஒருத்தி கறுப்பின அடிமைப் பெண். பின்னாளில் தீவில் மூளும் குற்றங்களுக்கும் கலகங்களுக்கும் அவளுடைய வழிவந்தவர்களையே கதை காரணமாக்குகிறது. ஆட்கள் வாழ்ந்த தீவு காகிதத்தில் கைமாறிய அதே ஆண்டில் ஆளே இல்லாத தீவொன்று அச்சில் பிறந்தது. இந்த இரண்டையும் நோட்டில் எதிரெதிரே எழுதிப் பார்த்த அன்று எங்கள் வட்டத்தில் சிறிது நேரம் யாரும் பேசவில்லை.

இங்கே ஓர் எச்சரிக்கையும் தேவை. இந்தக் கதைகளை எழுதியவர்கள் பின்னால் வந்த ஆங்கிலேய இந்தியாவை மனத்தில் வைத்து எழுதவில்லை. பிளாசிப் போர் நடந்தது 1757இல். கலிவர் வந்ததாகச் சொல்லப்படும் 1707இல் சென்னை கடற்கரையோரக் கோட்டையும் அதைச் சுற்றிய ஊரும் மட்டுமே. ஔரங்கசீப் இறந்து ஒரு மாதத்துக்குச் சற்றே மேல் ஆகியிருந்தது. பின்னால் நடந்ததை முன்னால் ஏற்றிப் படித்தால் நோட்டின் இரண்டு பக்கங்களும் பொய்யாகிவிடும்.

வரைபடத்தை மறக்க வேண்டாம். கலிவரின் நூலில் உள்ள படத்தில் உண்மையான சுமத்ராவும் இல்லாத லில்லிபுட்டும் ஒரே வகைக் கோட்டால் வரையப்பட்டிருக்கின்றன. அக்கால வாசகர்களுக்கு உண்மைப் பயணத்தையும் கற்பனைப் பயணத்தையும் பிரித்தறிவது எளிதாக இருக்கவில்லை. குரூசோவின் முதல் பதிப்பில் டிஃபோவின் பெயரே இல்லை. குரூசோ தானே எழுதியது என்றுதான் இருந்தது. தைவானுக்கு ஒருநாளும் போகாத சால்மனாசர் என்பவர் தம்மை அந்தத் தீவுக்காரர் என்று சொல்லிக்கொண்டு 1704இல் லண்டனில் வெளியிட்ட தைவான் வருணனையைப் பலர் நம்பினார்கள். தொலைவில் இருக்கும் மக்களைப் பற்றி யார் வேண்டுமானாலும் எதையும் எழுதலாம், அந்த மக்கள் வந்து மறுக்கப்போவதில்லை என்ற நிலைமையில் பிறந்தவை இரண்டு வகை நூல்களும்.

கப்பல் எதற்காகக் கிளம்பியது?

ஒவ்வொரு நூலிலும் கப்பல் உடைவதற்கு முந்தைய பக்கங்களை இரண்டு முறை படியுங்கள். யாருடைய பணம், என்ன சரக்கு, எந்தத் துறைமுகம் என்ற மூன்று கேள்விகளுக்கு விடை எழுதுங்கள். குரூசோவுக்கு நாங்கள் எழுதிய விடை இது: அவர் பிரேசிலில் தோட்ட முதலாளி. அக்கம்பக்கத்துத் தோட்டக்காரர்கள் தங்களுக்குக் கூலியில்லா ஆட்கள் வேண்டும் என்பதற்காக, அரச அனுமதி பெறாமல் மறைவாக ஆப்பிரிக்காவின் கினியாக் கரையிலிருந்து அடிமைகளைக் கொண்டுவரும்படி அவரை அனுப்புகிறார்கள். அந்தப் பயணத்தில்தான் 1659 செப்டம்பர் 30 அன்று கப்பல் உடைகிறது. அதற்கும் முன்னால், தாம் வட ஆப்பிரிக்க முஸ்லிம்களான மூர்களிடம் அடிமைப்பட்டிருந்த இடத்திலிருந்து தப்பிக்க உதவிய சூரி என்ற சிறுவனை, 60 வெள்ளி நாணயங்களுக்கு ஒரு போர்ச்சுக்கீசியக் கப்பல் தலைவரிடம் குரூசோ கொடுத்துவிடுகிறார். பிறகு பிரேசிலில் வேலைக்கு ஆள் போதாதபோது, அவனை விட்டது தவறு என்று வருந்துகிறார். வருத்தத்தின் காரணம் அந்த ஆள் பற்றாக்குறை. இதைப் படித்தபின் இருபத்தெட்டு ஆண்டுத் தனிமை வேறு விதமாகத் தெரிகிறது.

பேக்கனின் புதிய அட்லாண்டிஸை இந்தக் கேள்வியோடு விரைவாகக் கடந்துவிடலாம். 1620களின் இறுதியில் அச்சான அந்த நூலில் வரும் பென்சலேம் தீவு நிலத்தைப் பிடிப்பதில்லை. ஆனால் அந்நாட்டிலிருந்து பன்னிருவர் வேற்று நாட்டவர் போலப் பெயர் மறைத்துப் போய், உலகின் நூல்களையும் சோதனைகளையும் திரட்டி வருகிறார்கள். ‘ஒளி வணிகர்’ என்பது அவர்களுக்குப் பெயர். அறிவும் சரக்கு என்று அந்தப் பெயரே சொல்லிவிடுகிறது.

முதல் சந்திப்பில் யார் யாருடைய மொழியைக் கற்கிறார்?

எங்களுக்கு மிகவும் பயன்பட்ட கேள்வி இதுதான். ஆகவே இதில் நீண்ட நேரம் நின்றோம், நீங்களும் நில்லுங்கள்.

குரூசோ ஓர் இளைஞனை நரமாமிசம் உண்போரிடமிருந்து காப்பாற்றுகிறார். அவன் குரூசோவின் பாதத்தை எடுத்துத் தன் தலைமேல் வைத்துக்கொள்கிறான். அவனுக்கு ஏற்கெனவே ஒரு பெயர் இருந்திருக்கும், குரூசோ கேட்கவில்லை. காப்பாற்றிய கிழமையை வைத்து வெள்ளிக்கிழமை என்று பெயரிடுகிறார். அடுத்து அவனுக்குக் கற்றுக்கொடுக்கும் சொல் ‘எஜமான்’. அதுவே தம்முடைய பெயர் என்று தெரிவிக்கிறார். பிறகு ஆங்கிலமும் கிறித்தவமும் வருகின்றன. குரூசோ அவனுடைய மொழியில் பேசக் கற்பதாகக் கதை காட்டவில்லை.

இதை எடுத்துவைத்துவிட்டு, மணிமேகலையின் பதினாறாம் காதையைத் திறக்கச் சொல்வேன். ஆதிரையின் கணவன் சாதுவன் சூதில் பொருளை இழந்து, வணிகரோடு கடலேறி, கலம் உடைந்து, ஒடிந்த பாய்மரத் துண்டைப் பற்றிக்கொண்டு நாகர் வாழும் மலையை அடைகிறான். உடையற்றவர்கள், மனிதரைத் தின்பவர்கள் என்று காப்பியம் அவர்களைச் சொல்கிறது. கொல்ல வந்தவர்கள் ஒரே காரணத்தால் நிற்கிறார்கள்: சாதுவனுக்கு அவர்களுடைய மொழி தெரியும். தலைவனிடம் அழைத்துப் போகிறார்கள். தலைவன் கள்ளும் ஊனும் பெண்ணும் கொடுத்து விருந்தோம்பச் சொல்கிறான். சாதுவன் மறுத்து அறம் பேசுகிறான். உடலைவிட்டுப் போகும் உயிர் இன்னோரிடத்தில் எப்படிப் போய்ப் புகும் என்று தலைவன் சிரித்துக் கேட்கிறான். கேள்வியும் மறுமொழியுமாகப் பேச்சு நடந்து, தலைவன் அவன் அடியில் வீழ்கிறான். ஊனையும் கள்ளையும் முற்றிலும் விட எங்களால் ஆகாது, எங்களுக்கு ஏற்ற அறத்தைச் சொல் என்கிறான். கலம் உடைந்து வருவோரைக் கொல்லாதீர்கள், மூத்து இறக்கும் விலங்கைத் தவிர வேறு உயிரைக் கொன்று உண்ணாதீர்கள் என்று சாதுவன் சொல்கிறான். பிறகு சந்திரதத்தன் என்னும் வணிகனின் கலத்தில் ஏறி ஊர் திரும்பிவிடுகிறான்.

இரண்டு கதைகளிலும் தீவு உண்டு, மனிதரைத் தின்போர் உண்டு, சமயம் மாற்றுதல் உண்டு, காலடியில் வீழ்தல்கூட உண்டு. கடவுள் அவ்வளவு வலியவரானால் சாத்தானை ஏன் கொல்லவில்லை என்று வெள்ளிக்கிழமை கேட்கும் கேள்வியும் நாகர் தலைவனின் கேள்விக்குச் சற்றும் குறைந்ததன்று. குரூசோ முதலில் அது காதில் விழாதது போல இருந்துவிடுகிறார். வேறுபாடு மொழியில் இருக்கிறது, திரும்பிப் போவதில் இருக்கிறது. சாதுவன் அந்த மலைக்குப் பெயரிடவில்லை. அங்கே வேலி போடவில்லை. யாரையும் கூட்டிக்கொண்டு வரவில்லை.

இந்த இடத்தில் பெருமிதம் தலைக்கேறும். எங்களுக்கும் ஏறியது. அப்போது கூட்டத்தில் இருந்த ஓய்வுபெற்ற ஆசிரியை ஒருவர், நாகர் தலைவன் மனைவியோடு வீற்றிருப்பதைக் காப்பியம் கரடி தன் துணையோடு இருப்பதற்கு ஒப்பிடுகிறது என்பதை எடுத்துப் படித்துக் காட்டினார். சாதுவன் ஊருக்குக் கொண்டுவரும் அகிலும் துகிலும், முன்பு கலம் உடைந்து அங்கே உயிரிழந்தவர்களின் பொருள் என்பதையும் அவரே சுட்டிக்காட்டினார். நாகர் தங்களைப் பற்றித் தாங்களே சொன்ன கதை நம்மிடம் இல்லை. கரையில் நின்று படிப்பது என்றால், நம்முடைய கலம் போன இடத்தின் கரையிலும் நின்று படிக்கத்தான் வேண்டும். இந்தப் பகுதியை வழிநடத்துபவர் அந்த உவமையைத் தவறாமல் வாசித்துக் காட்ட வேண்டும் என்று கேட்டுக்கொள்கிறேன்.

‘சும்மா கிடக்கும்’ நிலம்

யூட்டோப்பியாவின் இரண்டாம் நூலில் ஒரு பத்தி இருக்கிறது. அதைச் சத்தமாகப் படியுங்கள். சமத்துவமும் பொதுவுடைமையும் நிலவும் அந்தத் தீவில் மக்கள்தொகை மிகும்போது, எதிர்க்கரையில் போய்க் குடியேற்றம் அமைக்கிறார்கள். அங்குள்ளவர்கள் பயிரிடாத நிலம் மிகுதியாக இருக்கிறது என்பது அவர்கள் சொல்லும் காரணம். அம்மக்கள் இணங்கினால் சேர்த்துக்கொள்கிறார்கள். எதிர்த்தால் போர் தொடுக்கிறார்கள். நிலத்தைத் தாமும் பயன்படுத்தாமல், பிறரும் பயன்படுத்த விடாமல் வைத்திருப்பவர்மேல் தொடுக்கும் போர் நியாயமானது என்பது யூட்டோப்பியரின் கொள்கை. இங்கிலாந்துக்கு அமெரிக்காவில் ஒரு குடியேற்றமும் இல்லாத காலத்தில் எழுதப்பட்ட வாதம் இது. உழுது பயன்படுத்தியவனுக்கே நிலம் என்று 1690ஐ ஒட்டி ஆங்கிலத் தத்துவவாதி ஜான் லாக் நிலைநாட்டிய உடைமைக் கொள்கை இதன் உறவுக்காரர். அந்த லாக் வட அமெரிக்காவின் கரோலினாக் குடியேற்றத்தின் உரிமையாளர்களுக்குச் செயலராக வேலை பார்த்தவர். வேட்டைக்கும் மேய்ச்சலுக்கும் விட்டிருந்த காட்டைத் தரிசு என்று எழுதிவிட்டால், அதை எடுத்துக்கொள்வது களவாகாமல் போய்விடுகிறது.

எங்கள் வட்டத்தில் தாராவியிலிருந்து வரும் ஒரு தம்பி இந்தப் பத்திக்கு அதிக நேரம் கேட்டார். சதுப்பாகவும் மேடாகவும் கிடந்த நிலத்தைத் தம் பாட்டன் தலைமுறை மண் கொட்டி நிரப்பிய பிறகு, அதே நிலத்தைப் பற்றி அதிகாரிகள் எழுதும் சொற்களை அவர் அடுத்து வைத்துப் படித்தார். இலக்கிய வட்டத்தில் இதற்கு இடம் உண்டா என்று சிலர் தயங்கினார்கள். உண்டு என்பதே என் கருத்து. ஆனால் நூலின் பத்தியை முழுவதும் படித்து முடித்த பிறகு.

நூலே வாதாடும் இடங்கள்

மேற்கண்ட கேள்விகளோடு படிக்கும்போது எல்லா நூலும் ஒரே குற்றவாளிக் கூண்டில் ஏற்றப்பட்டுவிடும் ஆபத்து உண்டு. அதற்கு ஸ்விஃப்ட்டே மருந்து. டப்ளினில் வாழ்ந்து, இங்கிலாந்து அயர்லாந்தை நடத்திய விதத்தை எதிர்த்து 1724இல் துணி வணிகர் ஒருவரின் பெயரில் கடிதங்கள் எழுதியவர் அவர். கலிவரின் கடைசி அத்தியாயத்தில் ஒரு குடியேற்றம் எப்படிப் பிறக்கிறது என்று அவர் விவரிப்பதை மெதுவாகப் படியுங்கள்: புயலில் ஒதுங்கிய கடற்கொள்ளையர் கரையைக் காண்கிறார்கள், அங்குள்ளவர்கள் அன்போடு வரவேற்கிறார்கள், வந்தவர்கள் நாட்டுக்குப் புதுப்பெயர் வைத்து, மன்னர் பெயரில் ஓர் உளுத்த பலகையை நட்டு, சில டஜன் பேரைக் கொன்று, இரண்டு பேரை மாதிரிக்குப் பிடித்துக்கொண்டு ஊர் திரும்பி மன்னிப்புப் பெறுகிறார்கள். உரிமை அங்கிருந்து தொடங்குகிறது.

மூன்றாம் பகுதியின் பறக்கும் தீவையும் விட்டுவிடக் கூடாது. கீழே இருக்கும் ஊர் வரி கட்ட மறுத்தால், லாப்யூட்டா அதன் தலைக்குமேல் வந்து நின்று வெயிலையும் மழையையும் மறைக்கும். தேவையானால் ஊர்மேலேயே இறங்கி நசுக்கும். ஆனால் அமைச்சர்களுக்குக் கீழே நிலபுலன்கள் இருப்பதால் அவர்கள் அதற்கு எளிதில் ஒப்புவதில்லை. லிண்டலினோ என்ற நகரம் எதிர்த்து நின்று வென்ற பகுதி 1899ஆம் ஆண்டுப் பதிப்பில்தான் நூலுக்குள் சேர்ந்தது. உங்கள் பதிப்பில் அது இருக்கிறதா என்று தேடிப் பாருங்கள்.

மூன்று வாரங்கள்: ஓர் எழுத்துப் பயிற்சி

வாசிப்பு முடிந்ததும் ஒவ்வொருவரும் ஒரு பக்கம் எழுதி வர வேண்டும். பொருள்: 1707 ஏப்ரலில் கலிவர் சென்னையில் தங்கிய அந்த மூன்று வாரங்கள், கரையில் இருந்த ஒருவரின் பார்வையில். விதிகள் குறைவு. சென்னையில் அன்று துறைமுகம் இல்லை. கப்பல்கள் தொலைவில் நங்கூரமிட, ஆணியில்லாமல் கயிற்றால் தைத்த மசூலாப் படகுகளே அலையைக் கடந்து ஆட்களைக் கரை சேர்த்தன. எனவே படகோட்டியிலிருந்து தொடங்கலாம். கம்பெனி சென்னையில் முதன்மையாக வாங்கியது பருத்தித் துணி. நெசவாளர் பார்வையில் எழுதலாம். அன்றைய ஆளுநர் தாமஸ் பிட், தாம் வாங்கிய பெரிய வைரத்தை 1717இல் பிரான்சின் ஆட்சிப் பொறுப்பாளருக்கு விற்றவர். வைர வணிகத்தின் பக்கமிருந்தும் எழுதலாம். ஆட்சி முழுவதும் ஆங்கிலேயருடையது என்று யாரும் எழுதிவிடக் கூடாது. எழுதியதைப் பத்து நிமிடத்துக்கு மிகாமல் வாசிக்க வேண்டும். வாசித்த பிறகே நோட்டைத் திறந்து ஆண்டுகளைச் சரிபார்க்க வேண்டும்.

எங்கள் கூட்டத்தில் பலர் படகோட்டியைத் தேர்ந்தெடுத்தார்கள். அந்த ஆசிரியை மட்டும் ஒரு துபாஷியை, அதாவது கம்பெனிக்கு மொழிபெயர்த்துச் சொல்பவரை, பற்றி எழுதி வந்தார். கோட்டை வாசலில் நிற்கும் துபாஷியிடம் கலிவர் தாம் முன்பு போயிருந்த பெரிய மனிதர்களின் நாட்டைப் பற்றிச் சொல்கிறார். அதைச் சுற்றியிருப்பவர்களுக்குத் தமிழில் சொல்ல வேண்டும். ராட்சதர் என்றால் அந்த நாட்டு மன்னரின் நற்குணம் விட்டுப்போகிறது, பூதம் என்றால் அவர்கள் மனிதர்கள் என்பதே விட்டுப்போகிறது. துபாஷி சொல் தேடிக்கொண்டு நிற்கும் இடத்தில் பக்கம் முடிந்துவிட்டது. அடுத்த ஞாயிற்றுக்கிழமை முழுவதையும் அந்தச் சொல்லைத் தேடுவதற்கே ஒதுக்கினோம்.